வாங்கில் இருக்க இடமில்லாதோர்

யாழ்ப்பாணத்தார் கல்வியிற் சிறந்தோர் என்பது நெடுங்காலமாக நாமே நம்மைப் பற்றிச் சொல்லிக்கொள்ளும் புகழுரை. மேடையிலே சொல்கின்றோம், மலர்களிலே எழுதுகின்றோம், கலியாணப் பேச்சிலுஞ் சொல்லத் தவறுவதில்லை. அப்புகழுரை பொய்யன்று. ஆறொன்றும் ஓடாத சிறு குடாநாடு, கிணற்று நீரையும் பனையையும் புகையிலையையும் நம்பி வாழ்ந்த சனக்கூட்டம், இலங்கையின் கந்தோர்களையும் மலாயாவின் புகையிரத நிலையங்களையும் நிரப்புமளவுக்குப் படித்தோரை ஆக்கிற்றென்றால் அது சிறிய காரியமாகாது. சென்னைச் சர்வகலாசாலை 1857 ஆம் ஆண்டிலே முதன்முதற் பட்டம் வழங்கியபோது அதனைப் பெற்றவர் இருவரும், சி. வை. தாமோதரம்பிள்ளையும் கறல் விசுவநாதபிள்ளையும், நம்மவரே. ஆயினும் "யாழ்ப்பாணத்தார்" என்னும் அச்சொல்லுக்குள் யார் யார் அடங்குவர், யார் யார் அடங்கார் என்று கேட்பவர் அரியர். நம் கல்வி வரலாற்றை அந்தக் கேள்வியோடு படித்துப் பார்த்தால் அது வேறொரு வரலாறாகத் தோன்றுகிறது.

ஐரோப்பியர் வருமுன்னும் நம் நாட்டிற் பள்ளிகள் இருந்தன. சட்டம்பியாரின் வீட்டுத் திண்ணையே பள்ளிக்கூடம். பிள்ளைகள் மணலிலே விரலால் எழுதிப் பழகி, பின்பு ஓலையும் எழுத்தாணியும் பிடித்து, எண்சுவடியையும் நீதிநூல்களையும் நிகண்டையும் மனனஞ் செய்தனர். பெற்றோர் தம்மால் இயன்றதைக் கொடுத்தனர். ஏழைக்கும் எளிதான முறையென்று இதனை இன்று புகழ்ந்து பேசுவோர் உளர். அவர்கள் ஒன்றை மறந்துவிடுகிறார்கள். திண்ணை என்பது வீட்டின் ஓர் உறுப்பு. ஒருவன் இன்னொருவன் வளவுக்குள் எதுவரை வரலாம், படலையோடு நிற்பதா, முற்றத்துக்கு வருவதா, திண்ணையில் ஏறுவதா என்பதைச் சாதியே வரையறுத்த ஊரிலே, அத்திண்ணையிற் பள்ளி நடந்தால் அதிற் சேரத்தக்கவர் யாரென்று தனியாக ஒரு விதி எழுதவேண்டிய அவசியமேயில்லை. இலங்கையில் அடிமைமுறை சட்டத்தால் முற்றாக ஒழிந்தது 1844 ஆம் ஆண்டில். அதுவரையும் யாழ்ப்பாணத்துத் தாழ்த்தப்பட்ட குடும்பங்கள் பல, நிலமுடையோரின் அடிமைகளாகவே வாழ்ந்தன. ஏடு தொடக்கும் விசயதசமி அவர்கள் பிள்ளைகளுக்கு வரவில்லை.

உயர்ந்தோர் எனப்பட்டவர் வீட்டுப் பெண்பிள்ளைக்கும் அது வரவில்லை என்பதுதான் வியப்பு. நமது தேசவழமை, 1707 ஆம் ஆண்டில் ஒல்லாந்தர் எழுத்திற் கொண்டுவந்த அச்சட்டம், பெண்ணுக்குச் சொத்துரிமையை மறுக்கவில்லை. தாயின் சீதனம் மகளுக்குச் செல்லும். காணியும் கிணற்றுப் பங்கும் பனந்தோட்டமும் அவள் பெயரில் இருக்கும். மேனாட்டுப் பெண்கள் பலருக்கு அக்காலத்தில் இல்லாத உரிமை இது. ஆனால் அந்தக் காணியின் உறுதியை அவள் வாசிக்கமாட்டாள். நொத்தாரிசு முன்னிலையிற் புள்ளடி போடுவாள். தன் சொத்து எது, தான் எதற்கு உடன்பட்டாள் என்பதைத் தமையனோ கணவனோ சொல்லித்தான் அறியவேண்டும். சொத்துள்ளவள் கல்வியற்றவளாயும், கல்வியுள்ளவன் அவள் சொத்தை ஆள்பவனாயும் இருந்த இந்த ஏற்பாட்டிலே, அவளைப் படிப்பியாது விட்டதில் யாருக்கு நட்டம், யாருக்கு இலாபம் என்பதை வாசகர் சிந்திக்கட்டும். எழுத வாசிக்கத் தெரிந்த பெண் என்றால் கோயிற்றேவதாசியே என்ற எண்ணம் நம் மக்களிடம் இருந்ததாக மிஷனரிமார் எழுதிவைத்துள்ளனர்.

நிற்க. அமெரிக்க மிஷனரிமார் 1816 இல் வந்து தெல்லிப்பழையிற் பள்ளி தொடங்கினர். 1823 இல் வட்டுக்கோட்டைச் செமினரி எழுந்தது. மறுவருடமே, 1824 இல், பிற்காலத்திற் பெரிய தமிழ் அகராதியை வெளியிட்ட வின்ஸ்லோ பாதிரியாரின் மனைவி ஹரியட் அம்மையார் உடுவிலிற் பெண்களுக்கு ஒரு விடுதிப் பாடசாலையை நிறுவினார். ஆண்பிள்ளைக்கும் பெண்பிள்ளைக்கும் இடையில் ஒரே ஓராண்டு! இக்கணக்கை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். பின்னர் நம்மவர் கணக்கோடு ஒப்பிடுவதற்கு இது வேண்டும்.

எனினும் உடுவிற் பாடசாலை ஏன் எழுந்தது என்பதையும் மறைத்தல் ஆகாது. செமினரியிற் படித்துக் கிறித்தவராகும் வாலிபர்களுக்கு ஏற்ற மனைவியர் வேண்டும். இல்லையேல் அவர்கள் கலியாணத்தோடு பழைய சமயத்துக்குத் திரும்பிவிடுவர் என்பதே மிஷனரிமாரின் கவலை. ஆகவே பெண்ணுக்குக் கல்வி அவள் பொருட்டு வரவில்லை. அவள் கணவனாகப் போகிறவன் பொருட்டு வந்தது. படித்து முடித்துக் கிறித்தவனை மணக்கும் பெண்ணுக்கு மிஷனே சீதனமுங் கொடுத்தது. யாழ்ப்பாணத்தாரின் நாடியை அப்பாதிரிமார் எவ்வளவு நன்றாகப் பிடித்துப் பார்த்திருக்கிறார்கள்! முதலில் எளிய குடும்பங்களே பெண்ணை அனுப்பின. படித்த பெண்ணுக்கு உத்தியோக மாப்பிள்ளை வருகிறான் என்று கண்டபின் வசதியுள்ளோரும் அனுப்பினர். எலைசா அக்னியூ அம்மையார் 1840 முதல் 1879 வரை ஒருமுறையேனுந் தாய்நாடு திரும்பாமல் அங்கே தொண்டாற்றினார். "ஆயிரம் புதல்வியரின் தாய்" என்று அவரை அழைத்தனர். அந்த ஆயிரவரும் அவர்களின் புதல்வியருமே நம் நாட்டின் முதற்றலைமுறை ஆசிரியைகள்.

யானும் மிஷன் பள்ளியொன்றில் வாசித்தவனே. அந்நன்றியை மறவாதே இதைச் சொல்கிறேன்: சாதி விஷயத்தில் மிஷன் பள்ளிகள் நம்மவரைச் சீர்திருத்தியதிலும், நம்மவர் மிஷன் பள்ளிகளைச் "சீர்திருத்தியது" அதிகம். கிறித்தவர் சமைத்த சோற்றை உண்ணமாட்டோமென்று ஆரம்பகால மாணாக்கர் மறுத்தபோது, அயலிலே சைவர் காணியில் அடுக்களை அமைத்து அவர்களைத் திருப்திப்படுத்தினர். 1840 களில், பேர்சிவல் பாதிரியாரின் வெஸ்லியன் பாடசாலையில் நளவர் குலத்துச் சிறுவன் ஒருவன் சேர்க்கப்பட்டபோது, வேளாள மாணாக்கர் பலர் பாடசாலையை விட்டே நீங்கினர். ஒரு சிறுவன் வர ஒரு கூட்டம் போகுமாயின், பள்ளி நடத்துவோர் எதைத் தெரிந்துகொள்வர்? பெரும்பாலும் கூட்டத்தையே.

அப்பாடசாலையிற் கற்று அங்கேயே ஆசிரியராயும் இருந்தவர் நமது நாவலர் பெருமான். அவர் 1848 இல் வண்ணார்பண்ணையிற் சைவப்பிரகாச வித்தியாசாலையைத் தொடங்கினார். அவர் இல்லையேல் நமக்குச் சைவப் பள்ளிகள் இல்லை, இன்றைய தமிழ் வசனநடையும் இல்லை. இம்மலரை வெளியிடும் சங்கம் போன்றவையுந் தோன்றியிரா. எனினும் அவர் சாதியாசாரத்தைத் தம் நூல்களில் வலியுறுத்தியவர் என்பதும் உண்மை. மிஷனரிமாரின் அச்சுயந்திரம், பிரசங்கம், வகுப்பேற்றம் யாவற்றையும் எடுத்துக்கொண்ட அவர், பெண்பிள்ளைக்குப் பள்ளி என்ற ஒன்றை எடுத்துக்கொள்ளவில்லை. சைவப் பிள்ளைகளுக்கென்று யாழ்ப்பாணம் இந்துக் கல்லூரி 1890 இல் நிலைபெற்றது. பெண்களுக்கு மருதனார்மடத்தில் இராமநாதன் கல்லூரி எழுந்தது 1913 இல். யாழ்ப்பாணப் பட்டினத்தில் இந்து மகளிர் கல்லூரி தோன்றியதோ 1943 இல். மிஷனரிமாருக்கு ஓராண்டு, நமக்கு இருபத்துமூன்று ஆண்டு, பட்டினத்தில் ஐம்பத்துமூன்று ஆண்டு. சைவத்தின் பெயரால் அரை நூற்றாண்டுக்கு மேலாக மகனைப் படிப்பித்துவிட்டு, மகளை மதமாற்றக்காரரின் பள்ளிக்கு அனுப்பு, இல்லையேல் வீட்டில் வை என்று விட்டோம்.

சாதியும் பெண்மையும் மட்டுமல்ல. பணமும் ஒரு மதில். 1869 இல் அரசினர் கல்விப் பகுதியை அமைத்து, பாடசாலைகளுக்கு உதவி நன்கொடை வழங்கத் தொடங்கினர். பள்ளிகள் இரு வகையாயின. சுயபாஷைப் பள்ளியிற் சம்பளமில்லை. ஆனால் அது படித்து முடித்தவனை மீண்டும் தோட்டத்துக்கே அனுப்பும். ஆங்கிலப் பள்ளியிற் சம்பளம் உண்டு. அதுவே கந்தோருக்கு வழி. ஒரே சாதியில், ஒரே ஒழுங்கையில், ஒரு வீட்டான் பிள்ளை இங்கிலிசு வாசிக்க, மற்றவன் பிள்ளை ஐந்தாம் வகுப்போடு நின்று புகையிலைக்குத் தண்ணீர் இறைத்தது இதனாலேதான். இரண்டு மகன்மாருக்குச் சம்பளங் கட்டக் காணியை ஈடு வைத்த தகப்பன் மகளுக்குங் கட்டுவானா? அவள் சாமத்தியப்பட்டவுடன் பள்ளி நின்றுவிடும். வீட்டுக்குள் இருத்திவிடுவார்கள். மகனின் படிப்புக்குச் செலவழித்ததை மருமகளின் சீதனத்தில் வாங்கலாம். மகளின் படிப்புக்குச் செலவழித்தால் அதற்கு மேலாகச் சீதனமுங் கொடுக்கவேண்டும். கணக்கு அப்படி இருந்தது. தகப்பன்மாரை மாத்திரம் குறைகூறிப் பயனில்லை. அந்த நாளில் எந்தத் தகப்பனும் போட்டிருக்கக்கூடிய கணக்கே அது.

உதவி நன்கொடையால் எதிர்பாராத நன்மையொன்றும் விளைந்தது. பிள்ளைத் தொகையையும் பரீட்சைப் பேற்றையும் பார்த்தே பணம் கிடைத்தது. ஆகவே முகாமைக்காரருக்கு இடாப்பில் பெயர்கள் வேண்டும். தாழ்த்தப்பட்டோர் பிள்ளைகளையும் சேர்க்கலாயினர். மிஷன் அவர்களை இழுத்துக்கொள்ளும் என்ற அச்சம் சைவர்களையும் அசைத்தது. 1923 இல் அமைந்த சைவ வித்தியா விருத்திச் சங்கம், இராசரத்தினம் அவர்களின் உழைப்பினால் ஊரூராகப் பள்ளிகளைத் திறந்தது. இப்படியாகக் கதவு திறந்தது. திறந்தபின் நடந்தது என்ன?

வாங்கிலே மற்றப் பிள்ளைகள், நிலத்திலே இவர்கள். சில இடங்களிற் கொட்டிலின் ஓரத்தில், சில இடங்களில் வெறும் மணலில். தாகமெடுத்தால் கிணற்று வாளியைத் தொடக்கூடாது. இரு கையையும் குவித்து நிற்க, வேறொரு பிள்ளை மேலிருந்து வார்க்கும். ஆசிரியர் பிரம்பால் அடிப்பதானாலும் தொட்டுவிடாதபடி எட்ட நின்று அடிப்பார். எழுத்து இருவருக்கும் ஒரே எழுத்துத்தான். ஆயினும் அப்பள்ளியில் அப்பிள்ளை முதலிற் படித்த பாடம் 'அ'கரம் அன்று. தான் எங்கே இருக்கவேண்டும் என்பதே. நன்கொடைக் கணக்கிலோ நிலத்தில் இருந்த பிள்ளையும் ஒன்றே, வாங்கில் இருந்த பிள்ளையும் ஒன்றே. வெளியே தள்ளாமல் உள்ளே வைத்துத் தள்ளும் இவ்வித்தை, படலையைப் பூட்டும் பழைய முறையிலும் வலியது என்பது என் கருத்து. பூட்டிய படலைக்கு எதிராகப் போராடலாம். இடாப்பிற் பெயருள்ளவன் என்னவென்று முறையிடுவான்?

முறையிட்டார்கள். 1927 இல் ஒடுக்கப்பட்ட தமிழ் ஊழியர் சங்கம் உருவாயிற்று. அவ்வாண்டிலே காந்தியடிகளும் யாழ்ப்பாணம் வந்தார். அவரை அழைத்தவர்கள் ஹன்டி பேரின்பநாயகம் முதலிய இளைஞர்கள் 1924 இல் மாணவர் காங்கிரசாகத் தொடங்கிய, பின்பு வாலிபர் காங்கிரசு எனப்பட்ட சபையார். தீண்டாமையை ஒழிக்கத் தீர்மானம் இயற்றியதோடு நில்லாது, சாதி பாராது ஒன்றாயிருந்து உண்டும் காட்டியவர்கள் அவர்கள். நம் இளைஞர் சங்கங்கள் தம் முன்னோடிகளாகக் கொள்ளத்தக்கவர்கள் அவர்களே. இம்முயற்சிகளால் 1929, 1930 ஆம் ஆண்டுகளில், உதவி நன்கொடை பெறும் பாடசாலைகளில் எல்லாப் பிள்ளைகளுக்கும் சம ஆசனம் கொடுக்கவேண்டும் என்று கல்விப் பகுதியார் பணித்தனர்.

ஒரு வாங்கு. அதில் ஒரு பிள்ளைக்கு ஒரு முழ இடம். அதற்காக யாழ்ப்பாணம் தீப்பற்றிற்று. சம ஆசனம் வழங்கிய பள்ளிகளை விட்டுப் பிள்ளைகளை விலக்கினர். சில இடங்களில் எல்லாரையுமே நிலத்தில் இருத்தி "சமம்" செய்தனர். பள்ளிக் கொட்டில்களை இரவிலே கொளுத்தினர். கிடுகால் வேய்ந்த கொட்டில் எரிய எவ்வளவு நேரம் செல்லும்! கல்வியிற் சிறந்த நாட்டிலே, ஒரு பிள்ளை வாங்கில் இருந்ததற்காகப் பள்ளிக்கூடமே எரிந்தது. நம் பெருமை பேசும் மலர்களில் இச்செய்தி ஏனோ இடம்பெறுவதில்லை. பெரிய மனிதருள்ளும் சிலர், ஊர் வழக்கத்தில் அரசினர் தலையிடலாகாது என்றனர்.

அக்காலத்தில் நடந்த வாக்குரிமை விவாதமும் இதனோடு சேர்த்துப் பார்க்கத்தக்கது. டொனமூர் விசாரணைச் சபையார் ஆண் பெண் அனைவருக்கும் வாக்குரிமை அளிக்கச் சிபார்சு செய்தபோது அதனை வன்மையாக எதிர்த்தவர்களுள் முதல்வர் சேர். பொன். இராமநாதன், சைவப் பெண்களுக்குக் கல்லூரி அமைத்துத் தந்த அதே இராமநாதன். இது முரண்பாடு போலத் தோன்றும். முரண்பாடன்று. பெண் படிக்கவேண்டும் என்று அவர் மெய்யாகவே விரும்பினார். நல்ல குடும்பத்துச் சைவப் பெண், நல்ல இல்லத்தலைவியாகும் பொருட்டு. எல்லாப் பெண்ணும் என்று அவர் கருதவேயில்லை. சர்வசன வாக்குரிமை 1931 இல் வந்தது. அவ்வாண்டுத் தேர்தலை வாலிபர் காங்கிரசார் பூரண சுயராச்சியம் கேட்டுப் பகிஷ்கரித்தமையால், யாழ்ப்பாணத்துப் பெண்களும் தாழ்த்தப்பட்டோரும் தம் புதிய உரிமையைக் கையாள 1934 வரை காத்திருக்க நேர்ந்தது. நல்லவர்கள் செய்த காரியத்தின் பயன் சிலவேளைகளில் இப்படியும் அமைகிறது.

இதுவரை கூறியவற்றில் ஒருத்தியைக் காணோம். உடுவிலின் கதையும் மருதனார்மடத்தின் கதையும் பெரும்பாலும் சாதிமான்களின் மகள்மாரின் கதை. சம ஆசனக் கதை பெரும்பாலும் தாழ்த்தப்பட்டோரின் மகன்மாரின் கதை. தாழ்த்தப்பட்டோரின் மகள் எங்கே? அவளைக் காண வயலுக்கும் பனங்கூடலுக்கும் போகவேண்டும். தாய் கூலிக்கு அரிவு வெட்டப் போனால் சின்னப் பிள்ளையை இடுப்பில் வைத்திருப்பவள் அவள். புல்லுச் செதுக்குபவளும் விறகு பொறுக்குபவளும் அவள். படித்தால் மாப்பிள்ளை வருவான் என்று அவளுக்குச் சொல்வாரில்லை. அவளுக்கு மாப்பிள்ளையாகக் கூடியவனே நிலத்திலிருந்து இரண்டாம் வகுப்போடு எழும்பிப் போனவன். இன்னுமொன்று உண்டு, எழுதவும் நாணமாயிருக்கிறது. தாழ்த்தப்பட்ட குலத்துப் பெண்கள் மேற்சட்டை அணியலாகாது என்ற கொடிய வழக்கம் இருபதாம் நூற்றாண்டிலும் நம்மிடையே இருந்தது. பருவமடையும் வயதுப் பெண்ணைச் சட்டையில்லாமல் பள்ளிக்கு அனுப்ப எந்தத் தாய் உடன்படுவாள்? சட்டையோடு அனுப்பினால் ஒழுங்கையில் வழிமறித்து வசைபேச ஆளிருந்தது. ஆகவே அவளுக்காக ஒரு பள்ளியும் எரியவில்லை. எரிப்பதற்குக் காரணமாகும் அளவுக்குக்கூட அவள் பள்ளிவரை வந்து சேரவில்லை.

பின்னடந்தவற்றைச் சுருக்கமாகச் சொல்லலாம். கன்னங்கரா அவர்கள் கல்வி மந்திரியாயிருந்தபோது, 1945 ஒக்டோபர் முதல் இலவசக் கல்வி நடைமுறைக்கு வந்தது. பண மதில் பெரும்பாலும் இடிந்தது. 1957 இல் நிறைவேறிய சமூகக் குறைபாடுகள் தடுப்புச் சட்டம், சாதியைக் காட்டிப் பாடசாலையிற் சேர்வதைத் தடுப்பதைத் தண்டனைக்குரிய குற்றமாக்கியது. சிறுபான்மைத் தமிழர் மகாசபையின் நெடுநாள் உழைப்பு அதன் பின்னே இருந்தது. 1960, 1961 ஆம் ஆண்டுச் சட்டங்களால் அரசினர் உதவி பெறும் பாடசாலைகளைப் பொறுப்பேற்றனர். இலவசக் கல்வி வந்தபின்னும் தோட்டத் தொழிலாளர் பிள்ளைகள் நெடுங்காலம் அதற்குப் புறம்பாயிருந்த கதை தனியே எழுதத்தக்கது. அதை இங்கே ஒரு வாக்கியத்தில் அடக்குவது அவர்களுக்குச் செய்யும் மற்றொரு அநீதியாகும்.

ஆனால் சட்டத்துக்கும் வாங்குக்கும் இடையில் ஓர் ஆசிரியர் நிற்கிறார். "மல்லிகை" ஆசிரியர் டொமினிக் ஜீவா, ஆசிரியர் ஒருவரின் சாதி வசையைப் பொறாமற் பள்ளியை விட்டுச் சவரக் கடைக்குச் சென்றவர். அங்கிருந்தபடியே படித்து, எழுதி, 1966 இல் அச்சஞ்சிகையைத் தொடங்கினார். அவர் பிழைத்துக்கொண்டார். அவரைப்போல எழுந்து போய்த் திரும்பி எழுதாதவர் எத்தனை பேர்? எழுந்து போனபின் சவரக் கடையும் சைக்கிள் கடையும் சங்கக் கூட்டமும் ஆண்பிள்ளைக்கேனும் இருந்தன. அவன் தமக்கைக்கு அவையும் இல்லை.

குடிசன மதிப்பீட்டில் விடை தேடலாமென்றால், 1946 இல் இலங்கை முழுவதிலும் எழுத்தறிவுள்ள ஆண்கள் நூற்றுக்கு 70.1, பெண்கள் 43.8; 1981 இல் ஆண்கள் 91.1, பெண்கள் 83.2. முப்பத்தைந்து ஆண்டுகளில் இருபத்தாறு புள்ளி இடைவெளி எட்டாகச் சுருங்கியது. மகிழத்தக்க கணக்கு. ஆயினும் அம்மதிப்பீடு ஆண் பெண் பார்க்கிறது, இனம் பார்க்கிறது, சமயம் பார்க்கிறது, சாதி கேட்பதில்லை. கேளாதிருப்பது நன்றென்றே நானும் எண்ணுகிறேன். அதனால் ஒன்று மாத்திரம் நேர்ந்தது: 43.8 இல் அடங்காத பெண்களுள் சீதனக் காணியின் உறுதிக்குப் புள்ளடி போட்டவள் எத்தனை பேர், உறுதியே இல்லாதவள் எத்தனை பேர் என்பதை எந்த ஏட்டிலும் பிரித்தறிய முடியாது. அவர்களுட் கடைசித் தலைமுறையினர் சிலர் இன்னும் நம் ஊர்களில் இருக்கிறார்கள். எண்பதுக்கும் தொண்ணூறுக்கும் மேற்பட்ட ஆச்சிமார். வங்கியிற் பெருவிரல் மையைத் துடைத்துக்கொண்டு வெளியே வரும்போது கேட்டால், எந்த வயதில், யார் சொல்லி, எதற்காகப் பள்ளி நின்றது என்பதை நாள் நட்சத்திரத்தோடு சொல்வார்கள்.